சீருக்குக் கேட்ட தையல் மெஷின்

அதில்லீங்கம்மா, நீங்க பாதியில கேட்டுட்டுப் பேசாதீங்க. போன்ல நான் கத்துனது மட்டுந்தான் உங்க காதுல விழுந்துச்சு. அக்கட்டால அவ என்ன சொன்னான்னு விழுந்துச்சா? இல்லீல்ல. அப்பறம் எப்படி, கூடப் பொறந்தவள இப்படியா பேசறதுன்னு எனக்கு நியாயம் சொல்றீங்க? ஒரு பக்கம் கேட்டுட்டுத் தீர்ப்பு சொல்றதுல நம்ம ஊரு ஆளுகள மிஞ்ச முடியாது. ஒரு மாசமா எனக்கு இதே பொழப்பாப் போச்சு. ஊட்ல தீர்ப்பு, தெருவுல தீர்ப்பு, இப்ப பஸ்லயும் தீர்ப்பு.

என் மடியில இருக்கற மெஷினோட சக்கரம் உங்க இடுப்புல குத்துதுன்னா அதச் சொல்லுங்க, திருப்பி வெச்சுக்கறேன். அது நியாயம். அத நான் கேட்டுக்குவேன்.

மேல கம்பியில தூக்கி வெக்கறதுக்கு இது என்ன துணி மூட்டைங்களா? தையல் மெஷினுங்க. மெஷினோட தலை. அடிக்கட்டு, அதான் கால்ல மிதிக்கிற ஸ்டாண்டு, அது முந்தாநேத்தே டெம்போவுல போயிருச்சு. தலைய மட்டும் எங்கம்மா பழைய சேலையில சுத்தி என் மடியில வெச்சுட்டாங்க. டெம்போவுல போட்டா ஆடி அடிபடுமாம். என் மடியில இருந்தா அடிபடாதாம். மடிக்கு அடிபட்டா அதப் பத்தி யாருக்கும் கவலையில்ல. திருப்பூர் பஸ் ஸ்டாண்டுல ஏறினதுலருந்து தொடை மரத்துக் கெடக்குது. கண்டக்டர் வேற வந்து லக்கேஜ் டிக்கெட் போடோணும்னாரு. மடியில இருக்கறதுக்கு லக்கேஜுன்னா கைக்குழந்தைக்கும் போடுவீங்களான்னு கேட்டேன். என் மூஞ்சிய ஒருக்காப் பாத்தாரு. அப்படியே முன்னாடி போயிட்டாரு. நியாயமாப் பேசினா ஆளுக ஒத்துக்கறாங்க, பாருங்க.

கள்ளிமேட்டுப் பிரிவுல எறங்கோணுமுங்க. காங்கேயம் தாண்டி அரை மணி நேரம். எங்கக்காவக் கட்டிக் குடுக்கறதுக்குப் பேசின ஊரு அது. பேசினது நடக்குமா நடக்காதான்னு இந்த மெஷின் போய்ச் சேந்தாத்தான் தெரியும். நான் கல்யாணத்த நிறுத்துனவளாம். எங்க மாமா தெருவுல நின்னு சொல்றாரு. நான் என்னங்க தப்பாக் கேட்டேன்? கேள்வி கேட்டேன். கேள்வி கேட்டா கல்யாணம் நின்னு போகுமா? அப்படி ஒரு கேள்விக்குத் தாங்காத கல்யாணம் என்ன கல்யாணம்?

மொதல்லருந்து சொல்றேன். உங்களுக்கு எங்க எறங்கோணும்? தாராபுரமா? அப்ப நேரமிருக்குது.

எங்கக்கா பேரு ரேணுகா. என்னைவிட ஆறு வயசு மூத்தவ. எங்கப்பா தவறினதுக்கப்பறம், பன்னெண்டாவது முடிச்ச கையோட பனியன் கம்பெனிக்குப் போனவ. மார்க்கெல்லாம் நல்லாத்தான் எடுத்தா. ஆனா அவளுக்குப் படிப்பு மேல அப்படியொண்ணும் ஆசை இருந்த மாதிரி எனக்குத் தெரியலீங்க. ஆசை இருந்தா வாயத் தொறந்து சொல்லியிருப்பால்ல? நான் இல்லையா, காலேஜ் போகோணும்னு ஒத்தக் கால்ல நின்னேன், போனேன். இப்ப பி.ஏ. வரலாறு, ரெண்டாம் வருசம். வரலாறு படிச்சா என்ன வேலை கெடைக்கும்னு கேக்கப் போறீங்க. கேக்காதீங்க, அந்தப் பதிலச் சொல்லிச் சொல்லி வாய் சலிச்சுப் போச்சு.

கம்பெனில அவளுக்கு ஓவர்லாக் மெஷின். பனியனோட ஓரம் பிரியாம அடிக்கிறது. மணிக்கு இத்தனை பீசுன்னு கணக்கு. பின்னாடி ஒருத்தன் நின்னுட்டே இருப்பான். ஒண்ணுக்குப் போகோணும்னாலும் அவன்கிட்ட கேக்கோணும். ஒரு நாள் ஊசி ஆள்காட்டி வெரல்ல ஏறிருச்சு. நகத்தோட. ஊசி ஒடஞ்சு உள்ளயே நின்னுக்கிச்சாம். கட்டுப் போட்டுட்டு ஊட்டுக்கு வந்தவ, மக்யாநாள் காலையில எனக்கு எப்பவும் போலத் தலை பின்னி உட்டா. பள்ளிக்கூடத்துல போயிப் பாத்தா என் வெள்ளை ரிப்பன்ல ரத்தம். நான் அன்னிக்கு முடிவு பண்ணினேன். இந்தக் கருமம் புடிச்ச மெஷின் எங்கூட்டு வாசப்படி ஏறக்கூடாது. என் அக்காளத் தின்ன மெஷினுங்க அது. இதுல என்ன தப்பு இருக்குது, சொல்லுங்க?

ரெண்டு தடவை ஏறப் பாத்துச்சு. ரெண்டு தடவையும் நாந்தான் தடுத்தேன்.

மொதோ தடவை, அவ கம்பெனிக்குப் பக்கத்துல யாரோ கடையக் காலி பண்றாங்கன்னு ஒரு பழைய மிதி மெஷின் வந்துச்சு. எனக்குச் சோறு போட்டுட்டே அவ மெதுவா ஆரம்பிச்சா. கொழம்ப ஊத்திட்டே, ஊட்ல ஒரு மெஷின் இருந்தா ஞாயித்துக்கெழமை ரெண்டு ரவிக்கை தைக்கலாம்னா. நான் தட்டத் தள்ளி வெச்சுட்டேன். பகலெல்லாம் கம்பெனிக்காரனுக்கு, லீவு நாள்ல ஊருக்காரிகளுக்கா, நீ மனுசியா மெஷினான்னு கேட்டேன். ரெண்டு நாள் ஊட்ல கை நனைக்கல. மூணா நாள் அவளே வந்து, அந்த மெஷின் வித்துப் போச்சு, வா சாப்பிடுன்னா. பாருங்க, எவ்வளவு சுலபமா முடிஞ்சுது. அவளுக்கு அது நெசமாவே வேணும்னா அப்படி உட்டிருப்பாளா?

ரெண்டாவது தடவை மேடையிலயே நடந்துச்சு. எங்க பக்கத்துல ஒரு சங்கம் இருக்குது, மகளிர் தெனத்துக்குப் பொம்பளைகளுக்கு மெஷின் குடுத்தாங்க. வரிசையா வெச்சு, ஒவ்வொண்ணுக்கும் மாலை போட்டு. எப்படியோ இவ பேரும் அதுல இருந்துச்சு. எங்கம்மா எழுதிக் குடுத்திருப்பாங்கன்னுதான் நான் நெனச்சேன். ரேணுகான்னு கூப்பிட்டாங்க. அவ எந்திரிச்சுச் சேலையச் சரி பண்ணிட்டு நடக்க ஆரம்பிச்சா. அவளுக்கு முன்னாடி நான் மேடையில இருந்தேன். மைக்க வாங்கி, பொம்பளைக்கு மெஷினக் குடுத்து மூலையில உக்கார வெக்கிறதுதான் மகளிர் தெனமா, படிப்பக் குடுங்க, பஸ்ஸக் குடுங்க, இத நீங்களே வெச்சுத் தைங்கன்னு சொன்னேன். காலேஜ் பசங்க பின்னாடியிருந்து கை தட்டுனாங்க பாருங்க. தலைவரே கை தட்டினாரு. அந்த மெஷினு அடுத்த பேருக்குப் போயிருச்சு. இவ பாதி வழியில நின்னவ திரும்பிப் போயி உக்காந்துக்கிட்டா. ஊட்டுக்கு வந்து நல்லாப் பேசினேடின்னு சொன்னா. அவ வாயால சொன்னதுங்க. நல்லாப் பேசினேன்னு. அதுக்கப்பறம் கொஞ்ச நேரம் மொகம் கழுவிட்டே இருந்தா, வெயிலு அன்னிக்கு.

நான் சும்மா கோவத்துல பேசறவ இல்லீங்க. படிச்சுட்டுப் பேசறவ. காலேஜ்ல செமினார் எடுக்கச் சொன்னாங்க, நான் எடுத்த தலைப்பே தையல் மெஷினோட வரலாறு. பிரான்சு தேசத்துல ஒரு மனுசன் மொதல்ல மெஷினு செஞ்சு, அதுல பட்டாளத்துக்குச் சட்டை தைக்க ஆரம்பிச்சாரு. ஊர்ல இருக்கற தையக்காரங்கெல்லாம் கும்பலாத் தெரண்டு வந்து, எங்க வயித்துல அடிக்கறயான்னு மெஷின் பூராத்தையும் ஒடச்சுப் போட்டாங்க. அந்த எடத்துல நான் மேசையத் தட்டினேன், மொத்தக் கிளாஸும் சேந்து தட்டுச்சு. பொறவு அமெரிக்காவுல மாசத் தவணையில ஊடு ஊடா வித்தாங்க. வேலை கொறையும், பொம்பளைக்கு ஓய்வு கெடைக்கும்னு சொல்லித்தான் வித்தாங்க. கெடைச்சுதா? அதுக்கு முன்னாடி ஊட்டுல ஆளுக்கு ரெண்டு துணி இருந்துச்சு, அப்பறம் பத்தாச்சு. அதத் தைக்கறதும் அவதான்.

எங்க மேடம் ஒரு கேள்வி கேட்டாங்க. கண்டுபிடிச்சவரு யாரும்மா, அவரு என்ன தொழிலுன்னு. தையக்காரருங்க மேடம்னேன். அப்ப ஒடச்சவங்களும் தையக்காரங்க, ஒடபட்டவரும் தையக்காரரு, அப்படித்தானேன்னாங்க. ஆமாங்க மேடம்னேன். கடைசியில அந்த மனுசன் என்ன ஆனாருன்னாங்க. ஏழையாவே செத்தாருங்க மேடம்னேன். அதுக்கு நான் என்ன பண்றது? அந்தம்மா எப்பவும் அப்படித்தான், எங்கயோ பாத்துட்டு ஏதாவது கேப்பாங்க.

இந்தச் சுடிதாரா? நல்லாருக்குதுங்களா? அவ தைச்சதுதான். கிட்டப் பாருங்க, மெஷின் தையல் இல்ல. கைத்தையல். என் துணி பூராவும் அவ கையாலதான் தைப்பா. ஞாயித்துக்கெழமை சாயங்காலம் வெளிச்சம் போறவரைக்கும் வாசல்ல உக்காந்து, ஊசி நூலு வெச்சுக்கிட்டு. ஊசி ஏறின அந்த வெரலு மடங்காது, நடு வெரலாலதான் புடிப்பா. ஒரு சுடிதாருக்கு ரெண்டு மூணு வாரம் ஆயிரும். அக்குள்ல அப்பப்ப தையல் உட்டுப் போகுது, அதான் ஒரு கொறை. செமினாருக்கும் இதத்தான் போட்டுட்டுப் போனேன். என்னங்கம்மா அப்படிப் பாக்கறீங்க?

சரி, மாப்பிள்ளை விசயத்துக்கு வர்றேன்.

லோகநாதன்னு பேரு. கொப்பரைக் களத்துல வேலை. கள்ளிமேட்டுல அவரும் அவங்கம்மாவும் மட்டுந்தான். அந்தம்மா பேரு பாவாத்தா. ஆளு வந்தாங்க, பாத்தாங்க, புடிச்சுப் போச்சு. எனக்கும் புடிச்சுதுங்க, பொய் சொல்லக்கூடாது. நான் மாப்பிள்ளைகிட்ட ஒரு மணி நேரம் கேள்வி கேட்டேன். எல்லாத்துக்கும் பதில் சொன்னாரு. பாதிக்கு மேல, எனக்குத் தெரியலீங்கன்னு பதில் சொன்னாரு, அது இன்னும் நல்லாருந்துச்சு.

உறுதி வார்த்தை கோயில் மண்டபத்துல வெச்சாங்க. எங்க பக்கம் எப்படின்னா, உப்பும் சக்கரையும் மாத்திக்குவோம். ரெண்டு ஊட்டுக்காரங்களும் தட்டுல வெச்சுக் கொண்டு வந்து, மொதல்ல உப்பக் குடுத்து வாங்குவாங்க, அப்பறம் சக்கரையக் குடுத்து வாங்குவாங்க. சக்கரை கை மாறிருச்சுன்னா அத்தோட பேச்சு மாறக்கூடாது. ஒறம்பரை, சொந்தபந்தமெல்லாம் பாய்ல உக்காந்திருக்குது. உப்பு மாத்தியாச்சு. சக்கரைத் தட்ட எடுக்கப் போறாங்க. எங்க மாமா, அதான் எங்கம்மாவோட பொறந்தவரு, சபை மரியாதைக்கு ஒரு வார்த்தை கேட்டாரு. சீரு என்ன எதிர்பாக்கறீங்கன்னு.

பாவாத்தா சிரிச்சுட்டு, எங்களுக்கு ஒண்ணும் வேண்டாமுங்க, பொண்ணு வந்தாப் போதும்னாங்க. அத்தோட நிறுத்தியிருக்கலாமுல்ல? நிறுத்தல. ரேணுகா பக்கம் ஒருக்காத் திரும்பிப் பாத்துட்டு, "ஒரே ஒரு தையல் மெஷின் மட்டும் வெச்சு உட்ருங்க"ன்னாங்க.

எனக்கு எப்படி இருந்திருக்கும், சொல்லுங்க. உச்சந்தலையில அடிச்ச மாதிரி இருந்துச்சு. ஊட்டுக்குள்ளயே உடல, மேடையிலயே உடல, கடைசியில சீருங்கற பேர்ல வந்து நிக்குது. மாமாவும் சரிங்கன்னு தலையாட்டப் போறாரு. சீருன்னு மாப்பிள்ளை ஊட்டுல கேட்டா எங்க பக்கம் மாட்டேன்னு சொல்ற வழக்கமில்ல. நான் எந்திரிச்சேன்.

"பொண்ணு கேட்டு வந்தீங்களா, கூலிக்கு ஆளு கேட்டு வந்தீங்களா? உங்கூட்டுக் கிழிசலுக்கெல்லாம் ஒட்டுப் போட எங்கக்கா வரமாட்டா."

அவ்வளவுதாங்க சொன்னேன். ரெண்டே வாக்கியம். அந்தம்மா கட்டியிருந்த பட்டுச் சேலை முந்தானையில ஒரு ஒட்டு இருந்துச்சாம். உள்ளங்கை அகலத்துக்கு. அதே நெறத்துல துணி தேடி, தெரியாத மாதிரி கையால தைச்சிருந்தாங்களாம். எனக்கெப்படிங்க தெரியும்? நான் பொதுவாச் சொன்னேன். ஆனா நான் சொன்னதும் மண்டபத்துல இருந்த கண்ணு பூராவும் அந்த முந்தானைக்குப் போச்சு. அந்தம்மா முந்தானைய எடுத்து இடுப்புல சொருகிக்கிட்டாங்க. தட்டத் தூக்கினவங்க தட்டக் கீழ வெச்சுட்டாங்க. இன்னொரு நாளைக்கு வெச்சுக்கலாமுங்கன்னு லோகநாதன் மெதுவாச் சொன்னாரு. வேன்ல ஏறிப் போயிட்டாங்க.

அதான் சொல்றேன், நான் நிறுத்தல. அவங்களாத்தான் எந்திரிச்சுப் போனாங்க.

இப்ப என்ன நெலமைன்னா, உப்பு மாறியாச்சு, சக்கரை மாறல. எங்க மாமா சொல்றாரு, உப்ப மட்டும் வாங்கி வெச்சுட்டு ஒரு பொண்ணு எத்தனை நாளைக்கு உக்காந்திருக்கறதுன்னு. ரேணுகா அன்னிக்கே காங்கேயத்துப் பெரியம்மா ஊட்டுக்குப் போயிட்டா. அங்கிருந்தே கம்பெனி பஸ் ஏறிக்கறா. என்கிட்ட ஒரு வார்த்தை பேசல. சண்டை போட்டாக்கூடப் பரவாயில்லீங்க. சண்டைன்னா எனக்குப் பதில் இருக்குது. பேசாம இருக்கறவகிட்ட எதுக்குப் பதில் சொல்றது? எங்கம்மா சோறு போட்டு வெச்சுட்டு அக்கட்டால போயிருவாங்க. ஊட்ல நான் பேசற சத்தம் எனக்கே கேக்குது. ஒரு மாசம். அலுத்துப் போச்சுங்கம்மா. நெசமாலுமே அலுத்துப் போச்சு. யாராவது ஒருத்தர், நீ உன் அக்காளுக்காகத்தானே பேசினன்னு சொல்லுவாங்கன்னு பாத்தேன். ஒரு ஈ காக்கா சொல்லல.

அப்பறம் போன வாரம் லோகநாதன் எங்க காலேஜ் வாசலுக்கு வந்தாரு. பேக்கரியில உக்காந்தோம். டீய ஆத்திட்டே இருந்தாரு, குடிக்கல. அப்பறம் சொன்னாரு.

"மெஷினு எங்கம்மாவாக் கேக்கலீங்க. உங்கக்காதான் கேக்கச் சொன்னாங்க."

நான் சிரிச்சேன். அவளுக்கு வேணும்னா அவளே எங்ககிட்டக் கேக்கப் போறா, நடுவுல நீங்க யாருங்கன்னேன். எங்க ஊர்ல ஒரு ரவிக்கை தைக்கோணும்னாலும் காங்கேயம் போகோணுமுங்கன்னாரு. முன் ரூம்புல கடை மாதிரிப் போட்டுக்கறேன், கம்பெனிய உட்டு நின்னுக்கறேன்னு உங்கக்கா சொன்னாங்க, எந்த ஜன்னலுக்குக் கீழ மெஷினப் போடறதுன்னுகூட அம்மாவும் அவங்களும் போன்ல பேசி முடிவு பண்ணிட்டாங்கன்னாரு. எவனும் பின்னாடி நிக்க மாட்டான், நெனச்சா எந்திரிச்சுக்கலாம்னு சொன்னாளாம்.

அப்ப என்கிட்டக் கேட்டிருக்கலாமுல்லன்னேன்.

"உங்ககிட்டக் கேக்கப் பயமுங்க அவங்களுக்கு. சீருன்னு நாங்க கேட்டா உங்களால தடுக்க முடியாதுன்னு நெனச்சுட்டாங்க."

பயமாம். என்கிட்ட. ஏனுங்கம்மா, இத்தனை நேரமாப் பேசிட்டு வர்றேன். என்னையப் பாத்தா உங்களுக்குப் பயமா இருக்குதா? சொல்லுங்க. தங்கச்சிகிட்ட எவளாவது பயப்படுவாளா? நான் கை நீட்டினதுண்டா? கெட்ட வார்த்தை பேசினதுண்டா? கேட்டிருந்தா நான் என்ன மாட்டேன்னா சொல்லப் போறேன்? அவ கேட்டு நான் எதத் தடுத்திருக்கறேன்? அந்தப் பழைய மெஷினா? அது வித்துப் போச்சுங்க, அவளே சொன்னா. சங்கத்து மெஷினா? அது எங்கம்மா எழுதிக் குடுத்தது. அதையும் இவதான் எழுதிக் குடுத்தாளாம், லோகநாதன் சொல்றாரு. அவரு சொன்னா ஆயிருச்சா? என் முன்னாடி அவ வந்து சொல்லட்டும்.

பாவாத்தா ஒரே ஒரு வார்த்தை சொல்லி உட்டிருக்காங்க. அந்தப் புள்ள வாயில வந்ததுக்கு, அந்தப் புள்ள கையாலயே மெஷினு வந்து சேரட்டும். மன்னிப்பெல்லாம் ஒண்ணும் வேண்டாம். வந்து வெச்சுட்டு, ஒரு வாய் காப்பி குடிச்சுட்டுப் போகட்டும், அன்னிக்கே சக்கரை மாத்திக்கலாம்னு. எங்க மாமா தேடிப் புடிச்சு இந்த மெஷின வாங்கியாந்தாரு. ரெண்டாங்கை. ஆனா நல்லா ஓடும்னாங்க. எங்கம்மா காலையில பையில சக்கரைப் பொட்டலத்த வெச்சு, "சாமி, இன்னிக்கு ஒரு நாளு மட்டும் யாருகிட்டயும் எதுவும் கேக்காத"ன்னாங்க. ஒரு மாசத்துல எங்கம்மா என்கிட்டப் பேசின மொதோ பேச்சு அதுதான்.

நான் ஒத்துக்கிட்டேன். போறேன், வெக்கறேன், குடிக்கச் சொன்னா குடிக்கறேன். ஆனா அதுக்கு முன்னாடி அந்த வாசல்ல வெச்சு, அக்கம் பக்கத்துல நாலு பேரக் கூப்பிட்டு, ரேணுகாகிட்ட ஒரு கேள்வி கேப்பேன்னு இருந்தேன். ஊருக்கு முன்னாடி எம்பேரு கெட்டுப் போச்சுல்ல? ஊருக்கு முன்னாடியே தீரோணும். மெஷின் யாருக்கு வேணும், யாரு கேட்டது, எதுக்கு என்கிட்டக் கேக்கல. அவ்வளவுதான். இதுல என்ன சண்டை இருக்குது?

இத எங்கம்மாகிட்டச் சொல்லிட்டுத்தான் கெளம்பினேன், அவங்க அவளுக்குச் சொல்லிட்டாங்க போலிருக்குது. அதான் இப்ப போன் பண்ணினா. ஒரு மாசத்துக்கப்பறம். அவ பேரு போன்ல வந்ததும் மெஷின ஒரு கையில புடிச்சுட்டு அவசர அவசரமா எடுத்தேங்க, எங்க அதுக்குள்ள நின்னுருமோன்னு. சாப்பிட்டயான்னு கேப்பான்னு நெனச்சேன். எப்பவும் அப்படித்தான் ஆரம்பிப்பா.

"நீ எறங்க வேண்டாம். நான் பிரிவுல வந்து நிக்கறேன். படியில வெச்சுத் தலைய மட்டும் குடுத்துட்டு அதே பஸ்லயே தாராபுரம் போயி ஊட்டுக்குத் திரும்பிரு. நீயே வந்து வெச்சன்னு அத்தைகிட்ட நான் சொல்லிக்கறேன். தலைய மட்டும் குடு. பேச்ச நீயே வெச்சுக்க."

அதுக்குத்தாங்க கத்தினேன். நான் என்ன நோய் புடிச்சவளா, எறங்காதேங்கறதுக்கு? என் கையால வரோணும்னு அந்தம்மா சொன்னதுக்கு அர்த்தம் என்ன? பொய் சொல்லிச் சக்கரை மாத்தப் போறாளா? வாயத் தொறக்காதவ, பொய் சொல்றதுக்கு மட்டும் வாயத் தொறப்பாளா? நான் கத்தினேன், அவ வெச்சுட்டா. அதுக்கு நீங்க எனக்கு நியாயம் சொல்றீங்க.

எங்க எந்திரிச்சுட்டீங்க? முன்னாடி சீட்டுக் காலியா இருக்குதா. சரி, போங்க. சக்கரம் குத்துதுன்னு சொல்லுங்க, நான் ஒண்ணும் சொல்லல.

இதுக்குள்ள பிரிவு வந்திருச்சு. அதோ. வேப்பமரத்துக்கடியில நிக்கறா. பாத்தீங்களா, நெசமாலுமே வந்துட்டா. தலையில சும்மாடு வேற கட்டியிருக்கறா, இங்கிருந்து ஊருக்குள்ள நடக்கோணுமுல்ல. அந்த வெரலோட இத எப்படித் தூக்கிட்டு நடப்பாளோ. இளைச்சுப் போயிருக்கறா.

கண்டக்டரே, விசிலடிக்காதீங்க. எறக்கோணும். கனமா இருக்குது, சித்த நில்லுங்க. இல்ல, நானே எறக்கிக்கறேன், யாரும் கை வெக்க வேண்டாம்.

ரேணுகா. கிட்ட வா. தர்றேன், தராம எங்க போறேன். கைய நீட்டாத, மொதல்ல என்னையப் பாரு. இந்த பஸ்ல இருக்கறவங்க பூராவும் இத்தனை நேரம் என் கதையக் கேட்டுட்டு வந்திருக்காங்க. ஒருத்தரும் என் பக்கம் பேசல. நீ பேசு. இவங்க முன்னாடி சொல்லு. நான் உன்னைய அடிச்சிருக்கறனா? வைதிருக்கறனா? உனக்குக் கெட்டது நெனச்சிருக்கறனா? அப்பறம் என்கிட்டக் கேக்க உனக்கு என்னடி பயம்? தலையக் குனியாத. கண்ணத் தொடைக்காத. டிரைவர் ஹாரன் அடிச்சா அடிக்கட்டும், நான் படிய உட்டு நகர மாட்டேன். வாயத் தொறந்து சொல்லு. எல்லாருக்கும் கேக்கற மாதிரிச் சொல்லு.